மலையாளத்தில் இல்லாத காட்சி

பிப்ரவரி 9, ஞாயிறு

மாமா காலையில் அரக்கோணத்திலிருந்து வந்து சேர்ந்தார். ஒரு தோள்பை, ஒரு கூடை நிறைய முருங்கைக்காய், சட்டைப்பையில் கைபேசி. புதன்கிழமை அவருக்கு வலது கண்ணில் புரை அறுவை சிகிச்சை. அதன் பிறகு இரண்டு வாரமாவது எங்களோடு இருப்பார். அந்த இரண்டு வாரத்துக்குள்தான் என் படமும் வருகிறது, இருபத்தொன்றாம் தேதி வெள்ளிக்கிழமை. தேதியை மாற்ற முடியாதா என்று சுகந்தியிடம் கேட்டேன்.

"எதோட தேதிய, பூமி? படத்தோடதா, கண்ணோடதா?" என்றாள்.

உதவி இயக்குநராக இருந்த பதினோரு வருடமும் தினமும் படப்பிடிப்புக் குறிப்பு எழுதினேன். யார் எந்தச் சட்டையில் இருந்தார், கடிகாரம் எந்தக் கையில் இருந்தது என்று. இப்போது என் முதல் படம் முடிந்து, எழுத எதுவும் இல்லாமல் கை அரிக்கிறது. அதனால் இது.

மாமா சுகந்தியின் அப்பா, பெயர் தணிகாசலம். மின்வாரியத்தில் லைன் இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். நானும் சுகந்தியும் பதிவுத் திருமணம் செய்துகொண்டு ஒன்பது வருடம் ஆகிறது. நான் மானாமதுரைக்காரன், வேறு சாதி, அதற்கும் மேல் சினிமாக்காரன். முதல் நாலு வருடம் அவர் எங்களோடு பேசவில்லை. அத்தை உடம்பு முடியாமல் கிடந்தபோது ஆஸ்பத்திரி வராந்தாவில், "மாப்ள, டீ குடிச்சீங்களா?" என்று கேட்டார். அதுதான் ஆரம்பம். அத்தை போன பிறகு அடிக்கடி வருகிறார். ஆனால் எங்கள் பேச்சு இன்னும் அந்த டீ அளவில்தான் நிற்கிறது.

சாப்பிடும்போது படம் எப்போது என்று விசாரித்தார். சொன்னேன்.

"அந்த மலையாளப் படத்தத்தானே எடுத்திருக்கீங்க? நான் பாத்துட்டேனே," என்றார்.

எங்கே பார்த்தார் என்று நான் கேட்கவில்லை. கோதண்டம் அனுப்பினான் என்று அவரே சொன்னார். கோதண்டம் அவருடைய நடைப்பயிற்சி நண்பர், தாலுகா ஆபீசில் தலைமை எழுத்தராக இருந்தவர். அந்த ஓய்வு பெற்ற கூட்டத்துக்குக் கைபேசியில் ஒரு குழு இருக்கிறது. வெள்ளிக்கிழமை வெளியாகும் படம் அன்று மதியச் சாப்பாட்டுக்கு முன் அதில் வந்துவிடுமாம். இதை ஓர் இயக்குநரிடம் சொல்கிறோம் என்ற எண்ணமே இல்லாமல், ரசம் இன்னும் கொஞ்சம் ஊற்றச் சொல்லிக்கொண்டே சொன்னார்.

நான் குளிக்கப் போய்விட்டேன். காலையிலேயே குளித்திருந்தேன்.

பிப்ரவரி 12, புதன்

அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. மாலையே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். கறுப்புக் கண்ணாடியோடு ஆட்டோவிலிருந்து இறங்கியவரை யாரோ பெரிய மனிதர் என்று நினைத்துக் கீழ்வீட்டுக்காரர் வணக்கம் வைத்தார். மாமாவும் பதிலுக்கு வைத்தார்.

குனியக் கூடாது, கண்ணைக் கசக்கக் கூடாது, தலைக்குத் தண்ணீர் ஊற்றக் கூடாது. டாக்டர் சரி என்று சொல்லும் வரை டிவி, கைபேசி, தியேட்டர் எதுவும் கூடாது. இரண்டு சொட்டு மருந்து கொடுத்திருக்கிறார்கள். முதலாவதை விட்டு ஐந்து நிமிடம் கண்ணை மூடி இருந்து, பிறகு இரண்டாவது. பகலில் பல முறை. சுகந்திக்கு யார் கண்ணிலும் மருந்து விடப் பயம், கை நடுங்கும். அதோடு காலையில் கல்லூரி நூலகத்துக்கு வேலைக்குப் போய்விடுவாள். ஆகவே மருந்து என் பொறுப்பு.

இத்தனை வருடத்தில் நான் மாமாவின் முகத்தைத் தொட்டதில்லை. கீழ் இமையை விரலால் இழுத்துப் பிடிக்க வேண்டும். அவர் மூச்சை அடக்கிக்கொண்டு மின்விசிறியைப் பார்த்தார். நானும் மூச்சை அடக்கிக்கொண்டேன். முதல் சொட்டு கன்னத்தில் விழுந்தது.

பிறகு அந்த ஐந்து நிமிடம். பேச எதுவும் இல்லாத இரண்டு பேருக்கு அது எவ்வளவு நேரம் என்று இன்றுதான் தெரிந்தது.

பிப்ரவரி 14, வெள்ளி

டிரெய்லர் வந்துவிட்டது. கீழே வந்த கருத்துகளைப் படிக்கக் கூடாது என்று முடிவெடுத்து, எல்லாவற்றையும் படித்தேன். "ஒரிஜினலையே சப்டைட்டிலோடு பார்த்தாச்சு, இது எதுக்கு?" என்பதைத்தான் நூறு விதமாக எழுதியிருக்கிறார்கள். கேட்பது தப்பில்லை. அதற்கு என்னிடம் ஒரு பதில் இருக்கிறது, ஆனால் அதைக் கருத்துப் பெட்டியில் எழுத முடியாது.

பிப்ரவரி 16, ஞாயிறு

முருங்கைக்காய் இன்னும் தீரவில்லை.

காலை மருந்தின் இடைவெளியில் மாமா கண்ணை மூடியபடியே கேட்டார், "மலையாளத்துல இருக்கறத அப்டியே எடுத்திருக்கீங்களா, மாத்தியிருக்கீங்களா?"

அவர் இவ்வளவு நீளமாக என்னிடம் பேசியதே அபூர்வம். கதை அதேதான் என்றேன். மனைவியை இழந்த அறுபது வயதுக்காரர் ஒரு பழைய காரை வாங்குகிறார். காலேஜ் பிள்ளைகளோடு டிரைவிங் ஸ்கூலில் சேர்ந்து, திட்டு வாங்கி, இரண்டு முறை தேர்வில் தோற்று, ஓட்டக் கற்றுக்கொள்கிறார். பேச்சு நின்றுபோன மகளை ஒரு நாள் அந்தக் காரில் போய்ப் பார்க்கிறார். மலையாளத்தில் ஆலப்புழை, என் படத்தில் தென்காசி. பெயர் 'இரண்டாம் கியர்'. இதெல்லாம் சொல்லிவிட்டு, ஒரே ஒரு காட்சி மட்டும் புதிதாக இருக்கிறது என்றேன்.

"என்னா காட்சி?"

"பாத்தா தெரியும் மாமா."

ஐந்து நிமிடம் ஆகிவிட்டது என்று சொல்லி அடுத்த மருந்தை விட்டுவிட்டேன். ஆகியிருக்காது.

அந்தக் காட்சிக்காகத் தயாரிப்பாளர் ஜெபராஜ் அண்ணனோடு ஒரு மாதம் சண்டை போட்டேன். அவர் மார்த்தாண்டத்துக்காரர், மரக்கடை வைத்திருந்தவர். மலையாளப் படத்தை எல்லையில் இருந்த தியேட்டரில் பார்த்து அழுதுவிட்டு அந்த வாரமே உரிமை வாங்கியவர். ஓடின படத்தில் எதற்குக் கை வைக்கிறாய் என்பதுதான் அவர் கேள்வி. கடைசியில் படத்தொகுப்பு அறையில் அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டினேன். எழுந்து போய்விட்டார். வெட்டச் சொல்லவில்லை.

பிப்ரவரி 18, செவ்வாய்

சொட்டு மருந்து இப்போது ஒரு சொட்டுகூட வீணாவதில்லை.

பிப்ரவரி 20, வியாழன்

நாளை. சுகந்தி என் சட்டைக்கு இஸ்திரி போட்டாள். அவள் படத்தை முதல் பிரதி தயாரானபோதே பார்த்துவிட்டாள். நன்றாக இருக்கிறது என்றாள். அதற்கு மேல் அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

மாமா வர முடியாது, இன்னும் சில நாள் கூட்டத்துக்குள் போகக் கூடாது. தனக்கு அதில் பெரிய வருத்தம் எதுவும் இல்லை என்பதுபோல் உட்கார்ந்திருந்தார். பிறகு, என் படத்தோடு இன்னும் எத்தனை படம் வருகிறது, அதில் பெரிய நடிகர் படம் உண்டா, மழை வருமா என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். மின்தடைக்கு முன்னால் ஊரைத் தயார்படுத்துகிறவர் மாதிரி இருந்தது.

பிப்ரவரி 21, வெள்ளி

காலைக் காட்சிக்கு வடபழனியில் ஒரு தியேட்டருக்குப் போனோம். பாதி நிறைந்திருந்தது. சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தார்கள். கார் முதல்முறை நின்றுபோகும்போது பின்னாலிருந்து ஒருவர், "கிளட்ச்ச விடாதய்யா" என்று திரைக்குச் சொன்னார். அந்த ஒரு குரலுக்காகவே பதினோரு வருடம் வெயிலில் நிற்கலாம் என்று தோன்றியது. வெளியே ஜெபராஜ் அண்ணன் என்னைக் கட்டிப்பிடித்தார். மாலைக் காட்சிகளுக்குச் சீட்டு வேகமாகப் போகிறது என்று அவருடைய மேலாளர் சொன்னார்.

மூன்று மணிக்கு அதே மேலாளர் போன் செய்தார். முழுப் படமும் இணையத்தில் வந்துவிட்டது. யாரோ தியேட்டரில் உட்கார்ந்து கைபேசியில் எடுத்திருக்கிறார்கள்.

இதற்கென்று ஒரு நிறுவனத்தை அமர்த்தியிருந்தோம். அவர்கள் ஓர் இணைப்பை நீக்கினால் வேறு பெயரில் அது மறுபடி முளைத்தது. சுகந்தி என் கைபேசியை வாங்கி அலமாரியில் வைத்துப் பூட்டினாள். மாமாவுக்கு மாலை மருந்து விட்டேன். என்ன ஆச்சு என்று கேட்டார். ஒன்றும் இல்லை மாமா, கண்ணை மூடிக்கொள்ளுங்கள் என்றேன்.

பிப்ரவரி 22, சனி

மேலாளர் அனுப்பிய அந்தத் திருட்டுப் பிரதியை நானும் திறந்து பார்த்தேன். எந்தத் தியேட்டர் என்று கண்டுபிடிக்கத்தான். படம் கோணலாக இருக்கிறது. ஆட்களின் தலை குறுக்கே போகிறது. ஒளிப்பதிவாளர் மாதக்கணக்கில் உழைத்துக் கொண்டுவந்த அந்தி வெளிச்சம் சாம்பார் நிறத்தில் இருக்கிறது. ஒலி ஏதோ டப்பாவுக்குள்ளிருந்து வருகிறது.

மலையாளத்தில் இல்லாத அந்தக் காட்சி வந்தது. அப்பா முதன்முறையாகக் காரை நெடுந்தூரம் ஓட்டி மகள் வீட்டு எதிரில் கொண்டுவந்து நிறுத்துகிறார். இறங்கவில்லை. மாடியில் மருமகன் துணி உலர்த்திக்கொண்டிருக்கிறான். காரைப் பார்க்கிறான். கூப்பிடவில்லை, ஈரத் துணிகளை மெதுவாக ஒவ்வொன்றாக உதறிப் போடுகிறான். காரில் வைப்பர் மழையில்லாமல் ஆடிக்கொண்டிருக்கிறது, அதை நிறுத்தத் தெரியவில்லை அவருக்கு. கொஞ்ச நேரம் கழித்துக் கார் போய்விடுகிறது. அவ்வளவுதான்.

அந்த இடத்தில் திருட்டுப் பிரதி ஆடுகிறது. கைபேசிக்கு மிக அருகில் யாரோ மூக்கை உறிஞ்சுகிறார்கள். எடுத்துக்கொண்டிருந்தவன்தான். படுபாவி, அழுதுகொண்டே திருடியிருக்கிறான். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. அந்த இடத்தை மூன்று முறை பார்த்தேன்.

மதியம் கதவைச் சாத்திக்கொண்டு படுத்தேன். தலை கெட்டுவிட்டது என்று நினைக்கிறேன், காதுக்குள் என் படத்தின் பின்னணி இசையே ஓடிக்கொண்டிருந்தது. எழுந்து கூடத்துக்கு வந்தபோது நின்றுவிட்டது. மாமா சுவர்ப் பக்கம் திரும்பி, துண்டால் தலைவரை மூடித் தூங்கிக்கொண்டிருந்தார். துணி கண்ணில் படக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். மெதுவாக விலக்கிவிட்டு வந்தேன்.

மாலையில் மருந்து விடும்போது பார்த்தால் கண் சிவந்திருந்தது. இடது கண்ணும்தான். சுகந்தி பயந்துபோய் ஆட்டோ வைத்து ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனாள். கைபேசி பார்த்தீர்களா என்று டாக்டர் கேட்டாராம். இல்லை என்று மாமா சொன்னாராம். தொற்று எதுவும் இல்லை, ஓய்வு போதும் என்று அனுப்பிவிட்டார்கள்.

பிப்ரவரி 23, ஞாயிறு

கோதண்டம் ஐயா ரயில் ஏறி மாமாவைப் பார்க்க வந்தார். ஆரஞ்சுப் பழம் வாங்கி வந்தார். நல்ல மனிதர், என் கையைப் பிடித்துக்கொண்டு, படம் பிரமாதம், அவருடைய வீட்டம்மாவும் சம்பந்தி வீட்டாரும் சேர்ந்து டிவியில் போட்டுப் பார்த்தார்கள் என்றார். கொஞ்சம் இருட்டாக இருந்ததைத் தவிர வேறு குறையே இல்லையாம்.

தண்ணீர் குடிக்கிறீர்களா என்றேன்.

மாமா அவரை முறைத்தார். கறுப்புக் கண்ணாடிக்குள்ளிருந்து முறைத்ததால் கோதண்டம் ஐயாவுக்கு அது போய்ச் சேரவில்லை. "நீயே சொல்லேன் தணிகாசலம், அந்தக் காரு வந்து நிக்கிற எடம்! நேத்து பாத்துட்டுப் போன்ல உன்னால பேசவே முடியலியே," என்றார்.

சுகந்தி ஆரஞ்சுப் பழத்தை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனாள். நான் மாடிக்குப் போய்த் தண்ணீர்த் தொட்டி நிறைந்துவிட்டதா என்று பார்த்தேன். நிறைந்திருந்தது. கொஞ்ச நேரம் அங்கேயே நின்றேன்.

பிப்ரவரி 24, திங்கள்

நகரத்தில் பாதிக் காட்சிகளை எடுத்துவிட்டார்கள். வியாழனுக்குப் பிறகு அநேகமாக எங்கும் இருக்காது. நல்ல விமர்சனம் இரண்டு வந்தது. ஜெபராஜ் அண்ணன் போனில் என்னைத்தான் தேற்றினார்.

பதினோரு மணிக்கு மருந்து. சுகந்தி வேலைக்குப் போயிருந்தாள். முதல் சொட்டை விட்டேன். மாமா கண்ணை மூடிக்கொண்டார்.

"நான் பாத்துட்டேன் மாப்ள."

"தெரியும் மாமா."

"கோதண்டம் மேல தப்பில்ல. நான் கேட்டுத்தான் அனுப்பினான்."

ஏன் என்றும் அவரே சொன்னார்.

"படம் நல்லா இல்லன்னு வச்சிக்கங்க. தியேட்டர்ல உங்க பக்கத்துல உக்காந்து பாக்கறேன். வெளிய வந்ததும் என் மூஞ்சியத்தான் பாப்பீங்க. எனக்குப் பொய் சொல்ல வராது. முன்னாடியே பாத்துட்டா, என்னா சொல்லணும்னு யோசிச்சி வச்சிக்கலாம்ல?"

படம் சரியில்லை என்றால் ஊரெல்லாம் அழகாகப் படம் பிடித்திருக்கிறீர்கள் என்று சொல்வதாக ஏற்பாடாம். அதைச் சொல்லும்போது அவருக்கே சிரிப்பு வந்தது. எனக்கும் வந்தது. என் மேல் இருந்த பயத்தில் ஒரு மனிதர் ஆறாத கண்ணோடு துண்டுக்குள் ஒளிந்து என் படத்தைப் பார்த்திருக்கிறார். இவர்மேல் எப்படிக் கோபப்படுவது என்று எனக்குத் தெரியவில்லை. கோபம் வந்ததா என்பதும் தெரியவில்லை.

சிரிப்பு நின்றதும் கண்ணைத் திறக்காமலே சொன்னார்.

"அந்தக் காரு வந்து நிக்கிறது மலையாளத்துல இல்ல."

"இல்ல மாமா."

"பேசாம இருந்த அந்த நாலு வருஷத்துல, உங்க பழைய விருகம்பாக்கம் வீட்டுக்கு எதிர்ல பஸ் ஸ்டாப்புல நான் நிப்பேன். நீங்க மாடியில துணி காயப்போடுவீங்க. என்ன நீங்க பாக்கலன்னுதான் இத்தினி வருஷமா நெனச்சிட்டிருந்தேன்."

"பாத்தேன்."

"ஏன் கூப்புடல?"

"கூப்ட்டா போயிடுவீங்கன்னு தோணுச்சு."

"போயிருப்பேன்," என்றார். பிறகு, "அப்புறம் வந்தே இருக்க மாட்டேன்," என்றார்.

ஒவ்வொரு முறையும் கடைசித் துணியை உலர்த்திய பிறகும் கீழே போகாமல் காய்ந்தவற்றை எடுத்து மறுபடி மாட்டிக்கொண்டு நின்றதை அவரிடம் சொன்னேன். ஆள் நடமாட்டம் இருந்தால் அவர் இன்னும் கொஞ்ச நேரம் நிற்பார் என்று ஒரு கணக்கு. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

"சுகந்திக்குத் தெரியுமா?"

"சொல்லல."

"சொல்ல வேணாம். அவ தாங்க மாட்டா."

சொல்ல மாட்டேன் என்றேன். அவர் கன்னத்தில் வழிந்ததைத் துடைத்துவிட்டேன். மருந்துதான் அதிகமாகிவிட்டது என்று எழுதிவைக்கிறேன். இரண்டாவது சொட்டு விட வெகுநேரம் ஆகிவிட்டது.

பிப்ரவரி 25, செவ்வாய்

டாக்டர் கண்ணைப் பார்த்துவிட்டுத் தியேட்டருக்குப் போகலாம் என்று சொல்லிவிட்டார். மாமா அப்போதிலிருந்து யாரோடோ போனில் பேசிக்கொண்டே இருக்கிறார். மொட்டை மாடியில், தாழ்ந்த குரலில். கிட்டே போனால் கரண்ட் கட்டணத்தைப் பற்றிப் பேசுகிறார்.

பிப்ரவரி 26, புதன்

படத்தைத் தியேட்டரில் பார்க்க வேண்டும் என்று மாமா பிடிவாதமாகச் சொன்னதால் ஆவடி பக்கம் ஒரு பழைய தியேட்டருக்கு மதியக் காட்சிக்குப் போனோம். அந்தப் பக்கத்தில் அது ஒன்றுதான் மிச்சம். சுகந்தி அரை நாள் விடுப்பு எடுத்தாள். சீட்டு கொடுக்கிறவர் எங்களைப் பார்த்து, பத்துப் பதினைந்து பேராவது வந்தால்தான் காட்சி ஓட்டுவோம், இல்லையென்றால் பணத்தைத் திருப்பித் தந்துவிடுவோம் என்றார். எங்களைத் தவிர ஒரு இளம் ஜோடி மட்டும் இருந்தது. நான் யார் என்று அவரிடம் சொல்லவில்லை. சொல்லி என்ன ஆகப்போகிறது.

"கொஞ்சம் இருங்க, ரயில் வரட்டும்," என்றார் மாமா.

கால்மணி நேரம் கழித்து ஸ்டேஷன் பக்கமிருந்து வந்தார்கள். கோதண்டம் ஐயா முன்னால். பின்னால் அந்த நடைப்பயிற்சிக் குழு முழுவதும். வெள்ளைச் சட்டை, தொப்பி, கையில் தண்ணீர் பாட்டில், இரண்டு பேர் மனைவியோடு. அரக்கோணத்திலிருந்து மின்சார ரயிலில் ஒன்றாக ஏறியிருக்கிறார்கள். கோதண்டம் ஐயா என்னிடம் வந்து, "பாத்தாச்சு இல்ல, டிக்கெட்ட எடுன்னான் சார் தணிகாசலம். வரலன்னா குரூப்ப விட்டே தூக்கிடுவேன்னுட்டான்," என்று முறையிட்டார். பிறகு குரலைத் தாழ்த்தி, அது உங்கள் பிழைப்பு என்று தனக்கு உறைக்கவே இல்லை, மன்னிக்க வேண்டும் என்றார். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

எனக்கும் சுகந்திக்கும் சேர்த்து மாமாவே சீட்டு எடுத்தார். நான் பையில் கை விட்டதும் அவர் பார்த்த பார்வை கண்ணாடியைத் தாண்டி வந்துவிட்டது.

இவ்வளவு மோசமான பார்வையாளர்களை நான் கண்டதில்லை. எல்லோரும் ஏற்கெனவே பார்த்தவர்கள். அடுத்த வசனத்தை நடிகருக்கு முன்னால் சொல்கிறார்கள். "இப்ப பாரு, கோழி குறுக்க வரும்" என்று ஒருவர் அந்த இளம் ஜோடிக்கு விளக்கம் கொடுக்கிறார். ஆனால் அந்தி வெளிச்சக் காட்சி வந்தபோது ஒருவர், "டேய், இது இந்தக் கலரா?" என்றார். அதன் பிறகு கொஞ்சம் அடங்கிப் பார்த்தார்கள்.

கார் வந்து நின்றது. வைப்பர் ஆடியது. அரங்கத்தில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. நடைப்பயிற்சிக் கூட்டத்துக்கு அந்த நாட்களில் தணிகாசலம் அடிக்கடி சென்னைக்குப் போனது தெரிந்திருக்க வேண்டும். யாரும் அவர் பக்கம் திரும்பவில்லை. திரும்பக் கூடாது என்று பேசி வைத்துக்கொண்டவர்கள் மாதிரி எல்லோரும் திரையையே பார்த்தார்கள். மாமா கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். சுகந்தி இருட்டில் அவர் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

வெளியே வந்ததும் நான் மாமாவின் முகத்தைத்தான் பார்த்தேன்.

"ஊரெல்லாம் அழகா புடிச்சிருக்கீங்க மாப்ள," என்றார். அதில் என்ன இருக்கிறதென்று நாங்கள் இரண்டு பேரும் இப்படிச் சிரிக்கிறோம் என்பது சுகந்திக்குப் புரியவில்லை.

பிப்ரவரி 27, வியாழன்

இன்றோடு படம் எல்லாத் தியேட்டர்களிலிருந்தும் போய்விட்டது. ஒரு இணையத் தளத்தோடு பேச்சு நடக்கிறது, நினைத்த விலையில் பாதிதான். ஜெபராஜ் அண்ணன் மூழ்க மாட்டார், கரையேறி உட்கார்ந்து கொஞ்ச நாள் மூச்சு வாங்குவார், அவ்வளவுதான். அந்தத் திருட்டுப் பிரதி எடுத்தவன் இன்னும் அகப்படவில்லை.

அண்ணனைப் பார்க்க அலுவலகம் போயிருந்தேன். சுவரில் இருந்த போஸ்டரைக் கழற்ற விடவில்லை. "அடுத்தது ரீமேக் வேண்டாம் கேட்டியா. அந்தக் காரு மாதிரி ஒண்ணு எழுதிக் கொண்டு வா," என்றார். எப்போது என்று சொல்லவில்லை. ஆனால் வருகிற வழியில் ஒரு குயர் நோட்டு வாங்கினேன்.

மார்ச் 1, சனி

மாமா நாளை கிளம்புகிறார். ஊரில் மருந்து யார் விடுவார்கள் என்று கேட்டேன். கோதண்டத்துக்குச் சொல்லிக்கொடுத்துவிடுங்கள் என்றார். போனில் அரைமணி நேரம் சொல்லிக்கொடுத்தேன். இமையை எப்படி இழுப்பது, சொட்டு எங்கே விழ வேண்டும், நடுவில் ஐந்து நிமிடம். அந்த ஐந்து நிமிடத்தில் என்ன செய்வது என்று அவர் கேட்டார். பேசிக்கொண்டிருங்கள் என்றேன்.

மார்ச் 2, ஞாயிறு

சென்ட்ரலில் ரயில் ஏற்றிவிட்டோம். மாமா ஜன்னலோரம் உட்கார்ந்து, "உடம்ப பாத்துக்கங்க" என்று என்னிடம் சொன்னார். மகளிடம் சொல்ல வேண்டியதை என்னிடமும், என்னிடம் சொல்ல வேண்டியதை அவளிடமுமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். ரயில் நகர்ந்தது.

வீட்டுக்குப் பஸ்ஸில் திரும்பினோம். கோடம்பாக்கம் மேம்பாலத்தில் நெரிசல். சுகந்தி ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள்.

"ஒரு தடவ கொய்யாப்பழம் வாங்கிட்டு வந்திருந்தாரு, பூமி," என்றாள்.

"யாரு?"

"அப்பா. விருகம்பாக்கத்துல. பஸ் ஸ்டாப்புல நின்னுட்டு, திரும்ப எடுத்துட்டே போயிட்டாரு."

கொய்யாப்பழத்தை நான் பார்த்ததில்லை. மாடியிலிருந்து அவர் தலைதான் தெரியும். கை தெரிந்திருக்கிறதென்றால் அவள் கீழே படிக்கட்டு ஜன்னலில் நின்றிருக்க வேண்டும்.

"அப்ப ஏன் என்கிட்ட சொல்லல?"

"நீ வருத்தப்படுவேன்னுதான். உன்னாலதான் அவர் ரோட்டுல நிக்கிறாருன்னு உனக்குத் தோணும்." கொஞ்ச நேரம் கழித்து, "படம் பாத்தப்பதான் நீயும் பாத்திருக்கேன்னு தெரிஞ்சுது," என்றாள்.

அவள் அன்று நன்றாக இருக்கிறது என்று மட்டும் சொன்னது ஏன் என்று கேட்டேன். அதற்கு மேல் பேசியிருந்தால் அழுதிருப்பேன், நீ படம் சரியில்லை என்று நினைத்திருப்பாய் என்றாள்.

பஸ் நகரத் தொடங்கியது. அவள் என் தோளில் சாய்ந்துகொண்டாள்.

"எனக்குத் தெரியும்னு அப்பாகிட்ட மட்டும் சொல்லிடாத. தாங்க மாட்டாரு."

சொல்ல மாட்டேன் என்றேன்.